ஐந்து விரலும் விரித்து

(வாலாஜாபாத்தில் நூலக வாசகர்கள் முன் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



மோசடிக்காரர்களைப் பற்றி எழுதப்பட்ட புத்தகங்களைக் குறித்துப் பேச வேண்டும் என்று கேட்டுக்கொண்டார்கள். முப்பது ஆண்டுகள் பள்ளிக்கூடத்தில் கணக்குப் பாடம் நடத்தியவன் நான். அந்தப் புத்தகங்களை நான் தேடிப் படிக்க ஆரம்பித்ததற்கு ஒரு மஞ்சள் அட்டைதான் காரணம். அதிலிருந்தே தொடங்குகிறேன்.

என் பெரியம்மா பாலாற்றுக்கு அந்தப் பக்கம் ஒரு கிராமத்தில் இருக்கிறார். பட்டு நூல் இழைத்துக் கொடுத்துக் காலம் தள்ளியவர். சில ஆண்டுகளுக்கு முன் அவருடைய ரேஷன் கார்டு தேவைப்பட்டது. பீரோவைத் திறந்து தேடினேன். கல்யாணப் புடவையின் மடிப்புக்குள்ளிருந்து ஒரு மஞ்சள் அட்டை கீழே விழுந்தது. தீபாவளிச் சீட்டு அட்டை. மாதம் 500 ரூபாய். பன்னிரண்டு கட்டங்கள். பன்னிரண்டிலும் பச்சை மசியில் கையெழுத்து. அட்டையின் பின்பக்கம், தீபாவளிக்குக் கிடைக்கப்போகும் சாமான்களின் பட்டியல்: மளிகை, எண்ணெய், இனிப்பு, பட்டாசுப் பெட்டி, கடைசி வரியில் ஒரு வெள்ளிக் காசு.

“இது எப்போ கட்டினது பெரியம்மா?” என்று கேட்டேன். அவர் அட்டையைப் பிடுங்கிக்கொண்டார். ரொம்ப நேரம் கழித்துத்தான் பேசினார். “ஒண்ணும் வரலடா. நடத்தினவன் ஊரை விட்டே போயிட்டான். ஊரு சிரிக்கும்னுதான் சொல்லல.”

ஆறாயிரம் ரூபாய் போனது அவருக்குப் பெரிய அடி. ஆனால் பணம் போனதைவிட, அதை வெளியே சொல்ல முடியாமல் புடவை மடிப்புக்குள் பூட்டி வைத்திருந்தாரே, அதுதான் என்னை உலுக்கியது. திருடியவன் ஓடிவிட்டான். திருட்டுக் கொடுத்தவர் தலைகுனிந்து நிற்கிறார். ஏன் அப்படி? இந்தக் கேள்வியோடுதான் நான் புத்தகங்களிடம் போனேன்.

மொழி யாரைப் பார்த்துச் சிரிக்கிறது?

முதலில் நம் பேச்சையே கொஞ்சம் கவனியுங்கள். ஏமாந்தவனைப் பற்றி என்னவெல்லாம் சொல்கிறோம்? காதில் பூ சுற்றிவிட்டான் என்கிறோம். தலையில் மிளகாய் அரைத்துவிட்டான், நெற்றியில் பட்டை நாமம் போட்டுவிட்டான், வாயில் அல்வா கொடுத்துவிட்டான், மொட்டை அடித்துவிட்டான் என்கிறோம். பூ, மிளகாய், நாமம், அல்வா, மொட்டை எல்லாமே ஏமாந்தவனின் தலையில்தான் போய் விழுகின்றன. நாலு பேர் பார்த்துச் சிரிக்கிற மாதிரி அவன் நிற்கிறான். ஏமாற்றியவன் மேல் ஒரு அடையாளமும் இல்லை. அவனைப் பற்றிப் பேசும்போது “பலே கில்லாடி” என்று பாதி மெச்சிக்கொள்கிறோம். “ஏமாறுபவன் இருக்கும்வரை ஏமாற்றுபவன் இருப்பான்” என்ற சொல்லையும் நாம் யோசிக்காமல் சொல்லிவிடுகிறோம். குற்றத்தை அது யார் தலையில் வைக்கிறது என்று பாருங்கள். இப்படிப்பட்ட பேச்சு புழங்கும் தெருவில் என் பெரியம்மா அந்த அட்டையை மறைத்து வைத்ததில் என்ன ஆச்சரியம்?

ஆனால் தமிழில் இன்னொரு சொல்லும் இருக்கிறது. “மோசம் போனேன்” என்று சொல்வோம். அதில் கேலி இல்லை, துக்கம்தான் இருக்கிறது. இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் “மதிமோச விளக்கம்” என்று ஒரு தமிழ்ப் புத்தகம் வந்தது. எழுதியவர் தூசி இராஜகோபால பூபதி. தூசி என்ற பெயரில் காஞ்சிபுரத்துக்குப் பக்கத்தில் ஓர் ஊர் இருப்பது உங்களுக்குத் தெரியும். சென்னப்பட்டணத்தின் தெருக்களில் என்னென்ன வகையில் ஏமாற்றுவார்கள் என்று எச்சரிக்கும் புத்தகம் அது. ஆ. இரா. வேங்கடாசலபதி தம் ஆய்வுக் கட்டுரையில் இதை எடுத்துப் பேசியிருக்கிறார். அந்தத் தலைப்பைக் கவனியுங்கள்: மதி மோசம் போவது. அறிவில்லாதவன் ஏமாறுகிறான் என்று அது சொல்லவில்லை. அறிவு இருந்தது, அதை ஒருவன் திட்டம் போட்டு மயக்கினான் என்கிறது. இரண்டுக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம்.

மோசடியை எண்ணி எழுதி வைப்பது நம் நாட்டில் புதிய வேலையும் அல்ல. அரசுப் பணத்தைக் கையாடும் வழிகள் நாற்பது என்று அர்த்தசாஸ்திரம் பட்டியல் போடுகிறது. திருக்குறளில் கூடாவொழுக்கம், கள்ளாமை, வாய்மை என்ற மூன்று அதிகாரங்கள் 28, 29, 30 என்று வரிசையாக நிற்கின்றன. வேடம் போடுவதைப் பற்றிப் பேசி, பிறர் பொருளை வஞ்சித்துக் கொள்வதைப் பற்றிப் பேசி, அதன் பிறகே வள்ளுவர் உண்மைக்கு வருகிறார். நோயைச் சொல்லிவிட்டு மருந்து சொல்வது போன்ற வரிசை அது.

கடிகாரம் கேட்டவன்

இப்போது அமெரிக்காவுக்குப் போவோம். 1849-ஆம் ஆண்டு நியூயார்க் நகரத்தில் வில்லியம் தாம்சன் என்று ஒருவன் பிடிபட்டான். நன்றாக உடுத்திக்கொண்டு, தெருவில் போகும் கனவான் ஒருவரிடம் பழகியவனைப் போலப் பேச்சுக் கொடுப்பான். கொஞ்ச நேரம் பேசிவிட்டு, “என் மேல் நம்பிக்கை இருந்தால் உங்கள் கடிகாரத்தை நாளை வரைக்கும் என்னிடம் கொடுப்பீர்களா?” என்று கேட்பான். கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டு போய்விடுவான். அந்த ஊர்ப் பத்திரிகை அவனுக்கு “நம்பிக்கை மனிதன்” என்று பெயர் வைத்தது. ஆங்கிலத்தில் மோசடிக்காரனைக் குறிக்க இன்றுவரை வழங்கும் சொல் அங்கிருந்து வந்ததுதான். எட்டு ஆண்டுகள் கழித்து, 1857-ல், ஹெர்மன் மெல்வில் அதே பெயரில் ஒரு நாவல் எழுதினார். மிசிசிப்பி ஆற்றில் போகும் நீராவிக் கப்பலில், முட்டாள்கள் தினமான ஏப்ரல் முதல் தேதியன்று நடக்கும் கதை.

தாம்சன் கடிகாரத்தைப் பெட்டியை உடைத்து எடுக்கவில்லை, கேட்டு வாங்கினான். கொடுத்தவருக்கு அதில் ஒரு காசு லாபமும் கிடையாது. பேராசை எங்கே இருக்கிறது? எதிரில் நிற்கும் மனிதனிடம் “உன்னை நம்பவில்லை” என்று முகத்துக்கு நேரே சொல்ல அவருக்குக் கூச்சம். அந்தக் கூச்சம்தான் கடிகாரத்தைக் கொடுக்க வைத்தது.

பேராசை பெருநஷ்டம் என்பார்கள். சில இடங்களில் அது உண்மைதான். ஆனால் என் பெரியம்மா ஆசைப்பட்டது ஒரு வெள்ளிக் காசுக்கு. அதைப் பேராசை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அவர் அந்தச் சீட்டில் சேர்ந்ததற்குக் காரணம், வந்து கேட்டவள் அடுத்த தெருப் பெண். பெரியம்மாவுக்குக் காய்ச்சல் வந்தபோது கஞ்சி கொண்டுவந்து கொடுத்தவள். அவளும் பணம் கட்டி ஏமாந்தவள்தான் என்பது பிறகு தெரிந்தது.

நம் கிராமங்களில் வாழ்க்கை ஓடுவதே நம்பிக்கையில்தான். அவசரத்துக்குக் கைமாற்று வாங்குகிறோம், பத்திரம் எழுதுவதில்லை. பெண்கள் வீட்டுச் சீட்டு பிடிக்கிறார்கள், பெரும்பாலும் ஒழுங்காகவே நடக்கிறது. நகையைப் பக்கத்து வீட்டில் வைத்துவிட்டுத் திருப்பதிக்குப் போகிறோம். மோசடிக்காரன் கை வைப்பது இந்த நல்ல குணத்தின் மேல்.

டேவிட் மாரர் என்ற அமெரிக்க மொழியியல் பேராசிரியர், மோசடிக்காரர்களின் குழூஉக்குறிகளைச் சேகரிக்கப் போனார். அவர்களோடு பழகிப் பழகி 1940-ல் ஒரு புத்தகம் எழுதினார். அந்தத் தொழிலில் வேலைப் பங்கீடு இருக்கிறது என்று காட்டுகிறார். வெளியே பழகி ஆள் பிடித்து வருபவன் ஒருவன். உள்ளே பெரிய மனிதனாக உட்கார்ந்திருப்பவன் இன்னொருவன். கூட்டம் காட்ட நிறுத்தப்பட்ட ஆட்களோடு, நிஜக் கடை மாதிரியே அமைத்த போலிக் கடை ஒன்று. படித்தபோது எனக்கு நம்மூர் ஏஜென்டுகளும், ஏ.சி. போட்ட கிளை அலுவலகங்களும், நட்சத்திர ஓட்டலில் நடக்கும் கூட்டங்களும்தான் கண்முன் வந்தன.

ஒரு சின்னக் கணக்கு

கணக்கு வாத்தியார் கணக்குப் போடாமல் இறங்கினால் நன்றாக இராது. கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்.

ஒருவன் மாதம் 30 சதவீதம் வட்டி தருகிறேன் என்கிறான். பத்துப் பேர் ஆளுக்கு ஒரு லட்சம் கொடுக்கிறார்கள். கையில் பத்து லட்சம். அவனுக்குத் தொழில் ஒன்றும் இல்லை. முதல் மாதம் மூன்று லட்சம் வட்டி. இரண்டாம் மாதம் மூன்று, மூன்றாம் மாதம் மூன்று. ஒன்பது லட்சம் தீர்ந்தது. மீதி ஒரு லட்சம். நாலாம் மாதம் மூன்று லட்சம் தர வேண்டும். கையில் இல்லை. அதற்குள் புதிதாக ஆட்களைப் பிடித்தாக வேண்டும். புதியவர்களுக்கு வட்டி தர இன்னும் புதியவர்கள் வேண்டும். மாதா மாதம் ஆட்கள் இரட்டிப்பாக வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். பத்து, இருபது, நாற்பது, எண்பது. பதினாலு முறை இரட்டித்தால் 1,63,840 பேர். 2011 கணக்கெடுப்பில் காஞ்சிபுரம் நகரத்தின் மக்கள் தொகை சுமார் 1.64 லட்சம். அதாவது பத்துப் பேரில் ஆரம்பித்தவனுக்குப் பதினாலு மாதத்தில் கைக்குழந்தை உட்பட ஒரு நகரமே தேவைப்படுகிறது. பதினைந்தாவது மாதம் இன்னொரு காஞ்சிபுரத்துக்கு அவன் எங்கே போவான்? நடத்துபவன் நல்லவனாக இருந்தாலும் இந்தக் கணக்கு நிற்காது.

இதற்குத்தான் சார்லஸ் பொன்சியின் பெயரை உலகம் வைத்திருக்கிறது. 1920-ல் பாஸ்டன் நகரில் 45 நாளில் 50 சதவீத லாபம் என்றான். வெளிநாட்டுத் தபால் கூப்பன்களை ஒரு நாட்டில் மலிவாக வாங்கி இன்னொரு நாட்டில் மாற்றுவதாகச் சொன்னான். ஆயிரக்கணக்கானோர் வரிசையில் நின்றார்கள். அப்போது பாஸ்டன் போஸ்ட் பத்திரிகை, கிளாரன்ஸ் பேரன் என்ற நிதிப் பத்திரிகையாளரைக் கேட்டது. அவர் போட்டது ஐந்தாம் வகுப்புக் கணக்கு. இவன் வாங்கியிருக்கும் பணத்துக்கு 16 கோடி கூப்பன்கள் வேண்டும், ஆனால் உலகத்தில் புழக்கத்தில் இருப்பவை சுமார் 27,000 என்றார். அந்தக் கோடையே பொன்சியின் மாளிகை சரிந்தது. அந்தச் செய்திகளுக்காக 1921-ல் பத்திரிகைக்குப் புலிட்சர் பரிசு கிடைத்தது.

பொன்சிதான் முதல் ஆள் என்றும் நினைக்காதீர்கள். அதே பாஸ்டனில் 1879-ல் சாரா ஹோ என்ற பெண், ஆண் துணையில்லாத பெண்களுக்கு மட்டும் என்று சொல்லி ஒரு வைப்பு நிறுவனம் திறந்தாள். மாதம் 8 சதவீதம் வட்டி. விதவைகளும் கல்யாணமாகாத உழைப்பாளிப் பெண்களும் போட்டார்கள். மறு ஆண்டே அது சரிந்தது.

அந்த எட்டு சதவீதம் எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கிறதா? வேலூர் மாவட்டம் காட்பாடியிலிருந்து இயங்கிய ஐ.எஃப்.எஸ். நிறுவனமும், லட்சத்துக்கு மாதம் எட்டாயிரம் என்றுதான் சொன்னது. ஆருத்ரா கோல்டு டிரேடிங் நிறுவனம் மாதம் 25 முதல் 30 சதவீதம் என்றது. 2020 செப்டம்பரிலிருந்து 2022 மே வரைக்குள், ஒரு லட்சத்துக்கும் அதிகமானவர்களிடம் 2,438 கோடி ரூபாய் வசூலித்ததாகப் பொருளாதாரக் குற்றப்பிரிவுப் போலீஸ் வழக்குப் பதிந்தது. கட்டியவர்களில் ஆரணி, செய்யாறு, காஞ்சிபுரம் பக்கத்து மக்கள் ஏராளம். நிலம் விற்றவர்கள், ஓய்வுப் பணத்தைப் போட்டவர்கள், தறியை அடகு வைத்தவர்கள்.

அதற்குப் பத்து ஆண்டுகள் முன்னால் பெருந்துறையில் ஈமு கோழி. சுசி ஈமு ஃபார்ம்ஸ் என்ற நிறுவனம், ஒன்றரை லட்சம் கட்டினால் ஆறு குஞ்சு தருகிறோம், கொட்டகை போட்டுத் தருகிறோம், தீவனம் தருகிறோம், மாதம் ஆறாயிரம் தருகிறோம் என்றது. முட்டையை யார் வாங்குகிறார்கள், கறியை யார் தின்கிறார்கள் என்று யாரும் பார்க்கவில்லை. 2012 ஆகஸ்டில் நடத்தியவர் தலைமறைவானார். பறவைகள் பட்டினி கிடந்தன. அரசாங்கம் தீவனம் போட வேண்டியதாயிற்று.

இந்த ஊர்ப் பெயருக்குள் ஒரு கதை

இனி நம் ஊருக்கு வருகிறேன். வாலாஜாபாத் என்ற பெயர் ஆற்காட்டு நவாப் முகமது அலி வாலாஜாவின் பெயரால் வந்தது. உலக வரலாற்றில் பேசப்படும் பெரிய கடன் மோசடிகளில் ஒன்று அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது.

நவாப் 1795-ல் இறக்கும்வரை கடனிலேயே வாழ்ந்தார். கடன் கொடுத்தவர்கள் கிழக்கிந்தியக் கம்பெனியின் ஊழியர்கள். பகலில் கம்பெனி உத்தியோகம், மறைவில் நவாபுக்கு வட்டி. பணமே கைமாறாமல் எழுதப்பட்ட பத்திரங்கள் எத்தனையோ. வட்டியை அசலில் சேர்த்து, அந்த அசலுக்கு மறுபடி வட்டி போட்டு, பழைய பத்திரத்தைக் கிழித்துப் புதுப் பத்திரம் எழுதினார்கள். அவற்றுக்கு ஈடாக நவாப் தம் சீமைகளின் நிலவரியை எழுதிக் கொடுத்தார். வயலில் நெல் அறுத்தவனுக்கு லண்டன் எந்தத் திசையில் இருக்கிறது என்றே தெரியாது. அவன் களத்து மேட்டிலிருந்துதான் அந்த வட்டி போனது.

அவர்களில் பேர் போனவர் பால் பென்ஃபீல்டு. சொற்பச் சம்பளத்துக் கம்பெனி ஊழியர். 1776-ல் தஞ்சாவூர்ச் சீமை தமக்கு 2 லட்சம் பவுனுக்கு மேல் தர வேண்டும் என்று கோரினார். சென்னை கவர்னர் பிகட் அதை ஏற்க மறுத்தார். தகராறு முற்றி, அந்த ஆகஸ்டில் கவர்னரையே அவருடைய சபை உறுப்பினர்கள் சிறைபிடித்தார்கள். காவலிலேயே மறு ஆண்டு அவர் இறந்தார். கணக்குக் கேட்டவருக்கு நேர்ந்த கதி இது.

1784-ல் லண்டன் அரசாங்கம், அந்தக் கடன்களை விசாரணை இல்லாமலே கர்நாடகத்தின், அதாவது நவாப் ஆண்ட சீமையின், வருவாயிலிருந்து அடைக்கச் சொல்லிவிட்டது. 1785 பிப்ரவரி 28 அன்று எட்மண்ட் பர்க் பாராளுமன்றத்தில் எழுந்து பல மணி நேரம் பேசினார். பத்திரம் எங்கே, பணம் கொடுத்ததற்குச் சாட்சி எங்கே, எதற்காக விசாரணையை மூடுகிறீர்கள் என்று கேட்டார். ஓட்டெடுப்பில் அவர் பக்கம் தோற்றுப்போனது. ஆனால் பேச்சு அச்சாகிப் புத்தகமாக நின்றது. இன்றும் படிக்கிறார்கள்.

இதன் முடிவைக் கேளுங்கள். பிறகு முளைத்த கடன் கோரிக்கைகளைச் சோதிக்க, 1801-ல் கர்நாடகம் கம்பெனி வசமான பின், ஓர் ஆணையம் அமைத்தார்கள். பல ஆண்டுகள் உட்கார்ந்து பத்திரம் பத்திரமாகப் பார்த்தார்கள். கோரிய தொகையில் பத்தில் ஒரு பங்குக்கும் குறைவாகத்தான் நிஜக் கடன் என்று ஏற்றார்கள். விசாரிக்காமல் விட்டவை முழுசாக அடைக்கப்பட்டன. விசாரித்தவை காற்றில் பறந்தன. எல்லாப் புத்தகங்களையும் படித்து நான் கற்றுக்கொண்ட பாடத்தை நம் ஊர்ப் பெயரே சொல்லிக்கொண்டு நிற்கிறது.

சென்னையிலும் 1906 அக்டோபரில் அர்பத்நாட் கம்பெனி திவாலானது. வெள்ளைக்காரக் கம்பெனி, தவறாது என்று நம்பிச் சிறுகச் சிறுகச் சேர்த்ததைப் போட்டவர்கள் தெருவுக்கு வந்தார்கள். சர் ஜார்ஜ் அர்பத்நாட் சிறைக்குப் போனார். ஆனால் அந்தத் துயரத்தில் அழுதவர்கள் அழுகையோடு நிற்கவில்லை. வி. கிருஷ்ணசாமி ஐயர் முன்னின்று, 1907-ல் இந்தியன் வங்கி பிறந்தது. மோசம் போனவர்கள் கூடிப் பேசினால் ஒரு வங்கியே எழும்பும் என்பதற்கு அது சாட்சி.

“கொஞ்சம் பொறுங்க”

எர்விங் காஃப்மன் என்ற சமூகவியலாளர் 1952-ல் ஒரு கட்டுரை எழுதினார். மோசடிக் கும்பலில் கடைசி வேலை ஒன்று உண்டு என்று அதில் சொல்கிறார். பணத்தைச் சுருட்டிய பிறகு, கும்பலில் ஒருவன் மட்டும் ஏமாந்தவனோடு தங்குவான். தோளில் கைபோட்டு ஆறுதல் சொல்வான். ஏமாந்தவன் போலீஸுக்குப் போகாமல், சத்தம் போடாமல், விதியே என்று வீட்டுக்குப் போகும்படி அவனைத் தணிப்பதுதான் அவன் வேலை.

இதைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. “கொஞ்சம் பொறுங்க, அடுத்த மாசம் வந்துடும்.” “கேஸ் போட்டா மொத்தமும் முடங்கிடும்.” “உங்களுக்கு மட்டும் நான் தனியா வாங்கித் தரேன்.” எத்தனை வீட்டுத் திண்ணையில் இந்தப் பேச்சைக் கேட்டிருக்கிறோம்! ஆறுதல் என்று நினைத்தோம். அதுவும் மோசடியின் ஒரு பகுதிதான். அந்த வேலையை நாமும் தெரியாமல் செய்கிறோம். “போனது போச்சு, வெளியே சொல்லாதே, மானம் போயிடும்” என்று வீட்டிலேயே வாயை அடைக்கிறோமே, மோசடிக்காரனுக்குச் சம்பளமில்லாத ஆளாக நாமே வேலை பார்க்கிறோம்.

உத்திரமேரூர்க் கல்

அப்படியானால் யாரையும் நம்பாமல் இருப்பதுதான் வழியா? இல்லை. அப்படி வாழ்ந்தால் அது வாழ்க்கையே இல்லை. தெரிந்துதெளிதல் என்று 51-ஆவது அதிகாரம் வைத்த வள்ளுவர், ஆராயாமல் நம்புவதும் நம்பியவர் மேல் பிறகு சந்தேகப்படுவதும் இரண்டுமே தீராத துன்பம் என்று முடிக்கிறார். நம்பவும் வேண்டும், ஏமாறவும் கூடாது. எப்படி?

இங்கிருந்து பாலாற்றைக் கடந்து தெற்கே போனால் உத்திரமேரூர். வைகுண்டப் பெருமாள் கோவில் சுவரில் முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் இருக்கின்றன. 919-ல் ஒன்று, 921-ல் ஒன்று. குடவோலைத் தேர்தலுக்காக அவற்றைப் பார்க்க எங்கிருந்தெல்லாமோ வருகிறார்கள். முதலில் போட்ட விதி போதாது என்று இரண்டே ஆண்டில் திருத்தி எழுதியிருக்கிறார்கள். அந்தச் சபை எல்லாருக்குமான சபை அல்ல என்பதையும் சொல்லிவிட வேண்டும். நிலமும் வேதக் கல்வியும் உள்ள ஆண்களின் சபை அது. ஆனால் மோசடிக்கு அணை போடுவது எப்படி என்று அவர்கள் யோசித்த யோசனை நம் எல்லாருக்கும் உரியது.

வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவன் மறுபடி வரக் கூடாது. அவன் உறவினர்களும் வரக் கூடாது. பிறர் பொருளைக் கவர்ந்தவன் வரக் கூடாது. முந்தைய மூன்று ஆண்டுகளில் பதவியில் இருந்தவன் வரக் கூடாது. குடும்பு என்ற முப்பது வட்டங்களுக்கும் ஓலை எழுதிக் குடத்தில் இட்டு, கூட்டத்தின் நடுவே ஒரு சிறுவனைக் கொண்டு எடுக்கச் சொல்கிறார்கள். அவன் எடுத்துக் கொடுக்கும் ஓலையை வாங்கும் மத்தியஸ்தன் எப்படி வாங்க வேண்டும் என்று எழுதியிருக்கிறார்கள், தெரியுமா? ஐந்து விரலையும் அகல விரித்து, உள்ளங்கையில் வாங்க வேண்டும். பிறகு எல்லார் காதிலும் விழப் படிக்க வேண்டும்.

அந்தச் சுவருக்கு முன்னால் நின்று என் கையை நானே விரித்துப் பார்த்துக்கொண்டேன். விரலை மடக்கினால் ஓலையை மாற்றிவிடலாம். அதனால் விரி என்கிறது கல். மத்தியஸ்தன் திருடன் என்று யாரும் சொல்லவில்லை. அவன் ஊரே மதித்த மனிதன்தான். ஆனால் விதி எல்லாருக்கும் பொது என்பதால் அவனுக்கு அதில் அவமானம் இல்லை. இவனை நம்பலாமா என்று ஆளுக்கு ஆள் கேட்டால்தான் மனத்தாங்கல் வரும். யாராக இருந்தாலும் விரலை விரி என்று ஊர் வழக்கமே வைத்துவிட்டால், நல்லவன் சந்தோஷமாக விரிப்பான். விரிக்க மறுப்பவன் யார் என்று அங்கேயே தெரிந்துவிடும்.

நம் மகளிர் சுய உதவிக் குழுக்களில் இதைத்தான் செய்கிறார்கள். கூட்டத்தின் நடுவே நோட்டைத் திறந்து, யார் எவ்வளவு கட்டினார்கள், யார் எவ்வளவு வாங்கினார்கள் என்று எல்லார் முன்னும் படிக்கிறார்கள். பெரிய பெரிய கம்பெனிகள் சரிந்த இதே மாநிலத்தில் ஏழைப் பெண்களின் அந்த நோட்டுகள் நிற்கின்றன.

ஆகவே சீட்டுப் பிடிக்க யாராவது வந்தால், 1982-ஆம் ஆண்டு சீட்டு நிதிச் சட்டப்படி பதிவு செய்திருக்கிறீர்களா, பதிவு எண் என்ன என்று கேளுங்கள். டெபாசிட் என்று வந்தால் ரிசர்வ் வங்கி அனுமதி இருக்கிறதா என்று கேளுங்கள். ரிசர்வ் வங்கியின் ‘சசேத்’ இணையதளத்தில் பார்க்கலாம், அங்கேயே புகாரும் கொடுக்கலாம். தமிழ்நாட்டில் 1997-லேயே முதலீட்டாளர் நலப் பாதுகாப்புச் சட்டம் வந்துவிட்டது. முறைப்படுத்தப்படாத டெபாசிட் திட்டங்களைத் தடை செய்யும் மத்தியச் சட்டம் 2019-ல் வந்தது. போலீஸ் என்று சொல்லி வீடியோ காலில் வந்து “டிஜிட்டல் கைது” என்று மிரட்டினால் போனை வையுங்கள், அப்படி ஒரு கைது நம் சட்டத்தில் கிடையாது. பணம் போய்விட்டால் அந்த நிமிடமே 1930 என்ற எண்ணுக்குப் பேசுங்கள். தாமதமாகும் ஒவ்வொரு மணிக்கும் பணம் கைமாறிக்கொண்டே போகும்.

இவற்றுக்கெல்லாம் மேலாக ஒன்று சொல்கிறேன். உங்கள் வீட்டில் யாராவது மோசம் போயிருந்தால், “ஏன் போய்க் கொடுத்தே?” என்று முதலில் கேட்காதீர்கள். “என்ன நடந்தது, சொல்லு” என்று கேளுங்கள். பக்கத்தில் உட்காருங்கள். அந்த அட்டை புடவை மடிப்பிலிருந்து வெளியே வர வேண்டும்.

என் பெரியம்மா விஷயத்துக்கு வந்து முடிக்கிறேன். நான் கேட்டதற்கு மறுநாள் சாயங்காலம் அவர் தம் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்துகொண்டு, அந்த மஞ்சள் அட்டையை எல்லாரும் பார்க்கும்படி பக்கத்தில் வைத்தார். தண்ணீர் எடுக்க வந்த எதிர்வீட்டுப் பெண் அதைப் பார்த்தாள். ஒன்றும் பேசாமல் உள்ளே போனாள். திரும்பி வந்தபோது அவள் கையிலும் ஒரு மஞ்சள் அட்டை. விளக்கு வைக்கும் நேரத்துக்குள் அந்தத் திண்ணையில் பதினொரு அட்டைகள். சீட்டுப் பிடித்துக் கொடுத்த அந்தப் பெண்ணும் தன் அட்டையைக் கொண்டுவந்து வைத்துவிட்டு அழுதாள். மறுவாரம் பதினொரு பேரும் சேர்ந்து காஞ்சிபுரம் போய்ப் புகார் மனு கொடுத்தார்கள்.

பணம் இன்னும் வரவில்லை. ஆனால் அந்தத் தெருவில் யாரும் யாரையும் பார்த்துச் சிரிக்கவில்லை. அதற்குப் பிறகு சீட்டுப் பிடிக்க இரண்டு பேர் வந்து போனார்கள். பதிவு எண்ணைக் கேட்டது பெரியம்மாதான்.